படுக்கையருகே எழுதி முடித்த புத்தகம் அல்ல 'பவுலா'
சிலி நாட்டு எழுத்தாளர் இசபெல் அயெந்தே தன் நினைவுக்குறிப்பு நூலான 'பவுலா'வை நோயில் கிடந்த மகள் பவுலாவின் படுக்கையருகே ஒரே மூச்சில் கொட்டித் தீர்த்தார், அதனால்தான் அது பட்டை தீட்டாத உண்மை என்கிறது ஒரு கட்டுரை. பாதிதான் சரி. போர்ஃபிரியா என்ற அரிய நோயால் பவுலா நினைவிழந்து கிடந்த மாட்ரிட் மருத்துவமனையில் குறிப்புகள் தொடங்கின. ஆனால் 1992 டிசம்பரில் மகள் இறந்த பிறகு, அந்த ஆண்டு தன் தாய்க்கு எழுதிய கடிதங்களையும் வைத்துக்கொண்டு 1993 ஜனவரி 8 அன்று உட்கார்ந்துதான் அதை நூலாக்கத் தொடங்கினார். அமைப்பைக் கவனியுங்கள்: முதல் பகுதி மகளை 'நீ' என்று முன்னிலையில் அழைக்கிறது, கண் விழித்தால் குடும்பக் கதை அவளுக்குத் தெரிய வேண்டுமே என்று. இரண்டாம் பகுதியில் பெரும்பாலும் அவள் படர்க்கைக்குப் போய்விடுகிறாள், இனி விழிக்க மாட்டாள் என்று இசபெலுக்குப் புரிந்துவிட்டதால். முடிவு தெரிந்த பிறகும் அந்த 'நீ'யை அழிக்காமல் விட்டது தேர்ந்த எழுத்துக்காரியின் முடிவு. வலி அதனால் குறையவில்லை, கூடுகிறது. இசபெலின் நூல்களில் எதை முதலில் படிப்பது என்று கேட்பவருக்கு: 1982-இல் வந்த 'ஆவிகளின் வீடு' நாவலை. சாகக் கிடந்த தாத்தாவுக்கு எழுதத் தொடங்கிய கடிதம்தான் அந்த நாவலானது. அதன் எஸ்தெபான், கிளாரா பாத்திரங்களுக்குப் பின்னால் இருக்கும் தாத்தா பாட்டியை 'பவுலா' காட்டிக் கொடுத்துவிடும்; அதை முதலில் படித்தால் நாவலில் பாத்திரத்தை விட்டுவிட்டு நிஜ ஆட்களைத் தேடிக்கொண்டிருப்பீர்கள்.