மாய மூலிகைக்கும் ஒரு கணக்கு வேண்டும்

கற்பனை உலகக் கதை ஒன்றை எழுதிக்கொண்டிருக்கும் நண்பர், அதன் முதல் ஏழு அத்தியாயங்களைச் சென்ற வாரம் என்னிடம் படிக்கக் கொடுத்தார். மூன்றாம் அத்தியாயத்தில் நாயகன் ஒரு நீல மூலிகையின் சாற்றைக் குடிக்கிறான். அக்கணமே எதிர்காலம் அவன் கண்முன் விரிகிறது. மறுநாள் விடியலில் ஒன்றுமே நடவாததுபோல் குதிரையேறிப் போருக்குப் புறப்படுகிறான். கால் நூற்றாண்டாக மருந்துக்கடையில் மாத்திரை எண்ணிக் கொடுத்துவரும் எனக்கு அந்தக் குதிரைதான் உறுத்தியது. அவன் எதிர்காலத்தைக் கண்டதை என்னால் நம்ப முடிந்தது. தலைவலியோ வாந்தியோ இல்லாமல் எழுந்ததைத்தான் நம்ப முடியவில்லை.

மாய உலகத்தில் எதற்கையா மருந்தியல் என்று அவர் சிரித்தார். பிராங்க் ஹெர்பர்ட் 1965இல் வெளியிட்ட 'டியூன்' நாவலை அவருக்குச் சொன்னேன். அதை அறிவியல் புனைகதை என்று வகைப்படுத்துவார்கள். வாளும் சூனியக்காரிகளும் அரச குடும்பப் பகையும் நிறைந்த அதை நான் மாயக்கதையாகவே படித்தேன். அதில் வரும் மெலாஞ்ச் என்னும் மசாலா ஆயுளை நீட்டும், சிலருக்கு வருங்காலத்தைக் காட்டும், தொடர்ந்து உண்டவரின் வெண்விழி வரை நீலமாக்கும்; பழகியவர் நிறுத்தினால் உயிர் போகும். ஆனால் இந்த விளைவுகளின் பட்டியலைவிட என்னைக் கட்டிப்போட்டது அந்தப் பொருள் உண்டாகும் விதம். கதை நடக்கும் பாலைவனக் கிரகத்தில் வாழும் ராட்சத மணற்புழுக்களின் இளம்பருவ உயிரினங்கள் மணலின் ஆழத்தில் நீரைச் சிறைப்பிடிக்கின்றன. அந்த நீரும் அவற்றின் கழிவும் கலந்து புளித்து, வாயு திரண்டு, ஒரு நாள் வெடித்து மேலே வருகிறது. வெயிலும் காற்றும் பட்ட பிறகே அது மசாலாவாகிறது. வளர்ந்த புழுவுக்கோ நீர் நஞ்சு. ஆகவே அந்தக் கிரகத்தைப் பசுமையாக்க வேண்டும் என்ற பாலைவன மக்களின் கனவு நிறைவேறினால், விண்வெளிப் பயணத்துக்கே ஆதாரமான அந்தப் பொருள் இல்லாமல் போகும். கதையின் அரசியல் முழுவதும் இந்த ஒரு வேதியியல் முடிச்சில் தொங்குகிறது. அமெரிக்காவின் ஒரிகன் மாநிலக் கடற்கரையில் ஃபுளோரன்ஸ் நகரை ஒட்டிய மணல்மேடுகளைப் புல் நட்டுக் கட்டுப்படுத்தும் முயற்சியை ஆராயப் போன ஹெர்பர்ட்டுக்கு, ஒரு போதைப்பொருளின் மூலத்தைச் சூழலியலில் தேட வேண்டும் என்று தோன்றியதில் வியப்பில்லை.

அதே நாவலில் இன்னொரு பொருளும் உண்டு. சிறு மணற்புழுவை நீரில் மூழ்கடித்துக் கொன்று எடுக்கும் நஞ்சை ஒரு பெண் குடித்துத் தன் உடலுக்குள்ளேயே அதன் மூலக்கூற்றை மாற்றுகிறாள். அவள் மாற்றித் தந்த துளியைச் சேர்த்த பிறகே மற்றவர்கள் அதைப் பருகுகிறார்கள். இது மிகையான கற்பனை என்று நினைப்பவர்கள் சைபீரியாவைப் பார்க்கலாம். சிவப்புக் குடையில் வெண்புள்ளிகள் கொண்ட அமனிட்டா மஸ்காரியா காளானில் உள்ள ஐபோடெனிக் அமிலம், காளானை உலர்த்தும்போது மஸ்சிமோலாக மாறுகிறது. போதை தருவது பெரும்பாலும் இதுதான். உண்டவரின் சிறுநீரில் இதன் ஒரு பகுதி அப்படியே வெளியேறும். அங்குள்ள கோர்யாக் மக்களிடையே காளான் வாங்க வசதியில்லாதவர்கள், வசதியுள்ளவர்களின் குடிசைக்கு வெளியே காத்திருந்து அவர்களுடைய சிறுநீரைப் பிடித்துக் குடித்தார்கள் என்று, சைபீரியாவில் போர்க்கைதியாக இருந்த சுவீடன் அதிகாரி ஸ்ட்ராலன்பெர்க் 1730இல் எழுதினார். படிக்க முகம் சுளிக்கும்தான். ஆனால் ஒரு பொருளின் வேதியியலும் ஒரு சமூகத்தின் ஏற்றத்தாழ்வும் ஒரே காட்சியில் வந்துவிடுகின்றன. மாயக்கதை எழுதுபவர் யாராவது இதைச் சுயமாகக் கற்பனை செய்திருந்தால் அவரைக் கையெடுத்துக் கும்பிட்டிருப்பேன்.

ஒரு பொருள் உடலுக்குள் எவ்வழியே போகிறது என்பதும் மருந்தியலில் சேரும். அமேசான் காட்டு மக்களின் அயவாஸ்கா கஷாயத்தில் இரண்டு தாவரங்கள் உண்டு. இலையில் இருக்கும் டிஎம்டி என்னும் போதைப்பொருளைத் தனியாக விழுங்கினால் குடலிலும் கல்லீரலிலும் உள்ள நொதி அதைச் சிதைத்துவிடும்; கூடச் சேர்த்துக் கொதிக்கவைக்கும் கொடி அந்த நொதியைத் தடுப்பதால்தான் காட்சிகள் தோன்றுகின்றன. அவ்வளவு தூரம் போவானேன், நம் வீட்டு வெற்றிலைப் பெட்டியிலேயே சுண்ணாம்பு எதற்கு இருக்கிறது? அதன் காரத்தன்மை பாக்கிலுள்ள அரிக்கோலின் என்னும் கிளர்ச்சிப்பொருளை வாயின் உட்தோல் வழியே எளிதில் ஊடுருவும் வடிவத்துக்கு மாற்றுகிறது. ஆண்டீஸ் மலையில் கோக்கா இலையைச் சுண்ணாம்போடோ சாம்பலோடோ மெல்வதும் இதே போன்ற காரணத்தால்தான். எழுத்தறியாப் பாட்டிகள் அறிந்திருந்த இந்த நுட்பம், நாவலில் வரும் ராஜகுருவுக்குத் தெரியாமல் போகலாமா?

ஹெர்பர்ட்டிடமும் எனக்கு ஒரு மனக்குறை உண்டு: எவ்வளவு உண்டால் எது நேரும் என்ற அளவுக் கணக்கை அவர் தெளிவாகச் சொல்வதில்லை. பாலைவன மக்கள் அன்றாடம் உண்டும் அவர்களில் பெரும்பாலோர் தீர்க்கதரிசிகள் ஆகாததற்குப் பிறவியையும் பயிற்சியையும் காரணமாக்கித் தப்பிவிடுகிறார். இந்த இடத்தில் ஆல்டஸ் ஹக்ஸ்லி கறாரானவர். அவருடைய 1932ஆம் ஆண்டு நாவலான 'பிரேவ் நியூ வேர்ல்ட்'டில் வரும் சோமா, ரிக்வேதத்தின் ஒன்பதாம் மண்டலம் முழுவதும் போற்றப்படும் பானத்தின் பெயரைத் தாங்கியது. ஆனால் அரசு அதை மாத்திரையாக, கிராம் கணக்கில் வழங்குகிறது. அரை கிராமுக்கு ஒரு விளைவு, இரண்டு கிராமுக்கு வேறொன்று. நாளொன்றுக்கு இருபது கிராம் வரை விழுங்கும் லிண்டாவுக்கு மூச்சை இயக்கும் நரம்பு மையம் ஒரு நாள் செயலிழந்துவிடும் என்று மருத்துவர் முன்கூட்டியே நிதானமாகச் சொல்கிறார், அவளும் இறக்கிறாள். பக்கவிளைவே இல்லாத இன்பம் என்று அரசு விளம்பரப்படுத்தும் பொருளுக்கு இப்படி ஒரு மரணத்தைக் கணக்கில் எழுதிவைத்த அந்தப் பக்கத்தில்தான், அது கற்பனைப் பொருள் என்பதையே நான் மறந்தேன்.

இவ்வளவையும் சொல்லிவிட்டு நண்பரிடம் சில கேள்விகள் கேட்டேன். உங்கள் நீல மூலிகை எங்கே விளைகிறது? பறிப்பவன் யார், விற்பவன் யார்? பத்தாவது முறை குடிப்பவனுக்கு முதல்முறை குடித்த அளவே போதுமா? நிறுத்தினால் கை நடுங்குமா? அவர் முகம் சற்று வாடியது. பிறகு இரண்டு நாள் பேச்சில்லை.

நேற்று இரவு திருத்திய மூன்றாம் அத்தியாயம் வந்தது. சாறு இப்போது புகையாகியிருக்கிறது. நாயகன் மறுநாள் முழுவதும் வைக்கோலில் குப்புறக் கிடக்கிறான். போரை ஒரு நாள் தள்ளிவைத்திருக்கிறார்கள். அந்த மூலிகை என்ன விலை என்று பதில் அனுப்பியிருக்கிறேன்.