சண்டை இல்லை, ஆட்டம்

பழைய குங்ஃபூ படங்களை யாராவது 'சும்மா அடிதடிப் படம்' என்று சொன்னால் எனக்குக் கோபம் வரும். ஐம்பது வருடம் தாண்டியும் அவை நிலைத்து நிற்பது அடிக்காக இல்லை, அதில் இருக்கிற ஆட்டத்துக்காக. கூத்துப் பார்த்து வளர்ந்த இலங்கையின் கிழக்கு மாகாணத்துச் சனத்துக்கு இது சட்டென்று பிடிபடும்.

ஜாக்கி சான், சாமோ ஹங், யுவென் பியாவ் மூவரும் சின்ன வயதில் ஹொங்கொங்கில் ஒரே பீக்கிங் ஒபெரா (பாட்டும் ஆட்டமும் சேர்ந்த சீன மேடை நாடகம்) பள்ளியில் தங்கிப் படித்தவர்கள். பாட்டு, குட்டிக்கரணம், கம்பு, வாள் எல்லாம் ஒரே குருவிடம், அடி வாங்கி வாங்கித்தான் படிப்பு. அந்த மேடையில் சண்டை தாளத்துக்கு நடக்கும். அதைத்தான் சினிமாவுக்குக் கொண்டுவந்தார்கள். கவனித்துப் பாருங்கள்: நாலைந்து அடி மளமளவென்று விழும், இரண்டு பேரும் ஒரு கணம் அசையாமல் நிற்பார்கள், திரும்பவும் தொடங்கும். எங்கள் வடமோடிக் கூத்திலும் போருக்கு நிற்கிற அரசர்களின் ஆட்டம், கூத்தை நடத்துகிற அண்ணாவியாரின் மத்தளத்துக்கு ஏறி, தீர்ந்து, மறுபடி ஏறுகிறது.

திருகோணமலையில் வீடியோ டெக் வாடகைக்கு எடுத்து முற்றத்தில் படம் போட்ட காலத்தில் இந்தப் படங்களுக்குத் தமிழ் டப்பிங் இல்லை. கீழே ஓடின ஆங்கில எழுத்தை ஒருவரும் வாசிக்கவில்லை. ஆனால் பாயில் இருந்த அம்மம்மா, "டேய், பின்னால நிக்கிறான், திரும்பு!" என்று ரீவியைப் பார்த்துக் கத்துவார். அவருக்கு எல்லாம் விளங்கியது.

1972இல் வந்த 'வே ஆஃப் த டிராகன்' படத்தில், ரோமின் கொலோசியத்தில் புரூஸ் லீயும் சக் நோரிஸும் மோதுகிற இடத்தை எத்தனை தரமும் பார்க்கலாம். பேச்சே கிடையாது. முதலில் இரண்டு பேரும் ஆளுக்கொரு பக்கம் நின்று உடம்பை முறித்துச் சூடேற்றுகிறார்கள். தொடக்கத்தில் லீ அடி வாங்குகிறார். பிறகு காலின் நடையை மாற்றுகிறார், துள்ளத் தொடங்குகிறார், சண்டை திரும்பிவிடுகிறது. எதிராளிக்குக் கையும் காலும் போன பிறகு, வேண்டாம், விடு என்று தலையை அசைக்கிறார். அவன் கேட்கவில்லை. கொன்றபின் அவனுடைய சட்டையையும் கறுப்புப் பட்டியையும் எடுத்துவந்து அவன் மேல் போர்த்துகிறார். எதிராளிக்கு இவ்வளவு மரியாதை தருகிற சண்டைக்காட்சி இன்றைக்கு எங்கே இருக்கிறது?

கமராவும் நேர்மையாக இருந்தது. உச்சி முதல் பாதம் வரை இருவரும் தெரிவார்கள். இப்போதைய படங்களில் ஒரு குத்துக்கு மூன்று வெட்டு. யார் யாரை அடித்தார் என்பது இசையைக் கேட்டுத்தான் தெரிகிறது. 1983இன் 'ப்ரொஜெக்ட் ஏ'யில் ஜாக்கி சான் மணிக்கூட்டுக் கோபுரத்திலிருந்து பந்தல் துணிகளைக் கிழித்துக்கொண்டு கீழே விழுவார். அவரேதான் விழுந்தார். அதை எந்தக் கொம்பியூட்டரும் தராது.

கதை மெலிசு, பெண்களுக்கு இடம் குறைவு என்பார்கள். பல படங்களுக்கு அது சரிதான். ஆனால் 1966இலேயே இயக்குநர் கிங் ஹூ தன் 'கம் ட்ரிங்க் வித் மீ' படத்தில் நடிகை செங் பெய்பெய் கையில் வாளைக் கொடுத்துவிட்டார். அந்த நடிகையும் நடனம் படித்து வந்தவர்தான்.

வீட்டில் பிள்ளைகளுக்குக் காட்டுவதென்றால், 1978இல் வந்த 'த 36த் சேம்பர் ஆஃப் ஷாவோலின்' படத்தில் தொடங்குங்கள். ஷாவோலின் மடத்தில் சண்டை படிக்கச் சேர்கிற நாயகன் கார்டன் லியூ நேரே மிக மேலான வகுப்புக்குப் போய்த் தூக்கி எறியப்படுவார். அப்புறம் அடிமட்டத்தில், தண்ணீரில் மிதக்கிற கட்டையை மிதித்துத் தாண்டிச் சாப்பாட்டுக்குப் போகப் பழகுவார். படத்தின் பெரும்பகுதி இந்தப் பயிற்சிதான், ஓட்டிவிடாதீர்கள். தயவுசெய்து போனில் வருகிற துண்டு வீடியோவாகவும் பார்க்க வேண்டாம். நெட்டுக்குத்தான திரைக்காக ஓரத்தை வெட்டும்போது, சண்டை போடுகிற இருவரில் ஒருவர் காணாமல் போகிறார்.