தாங்கலும் டேங்க்கும்: அந்த வீடியோவைப் பற்றி, கடைசியாக ஒருமுறை

சரி, எழுதிவிடுகிறேன். பேசாமல் இருந்தால் பயந்துவிட்டான் என்கிறார்கள். பேசினால் தமிழ்த் துரோகி என்கிறார்கள். எப்படியும் திட்டு நிச்சயம் என்றால் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டே வாங்கிக்கொள்ளலாம்.

பாளையங்கோட்டைக் கூட்டத்து வீடியோவை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். பார்க்காதவர்களுக்கும் ஏதாவது ஒரு குடும்ப வாட்ஸ்அப் குழு வழியாக வந்து சேர்ந்திருக்கும். "வெள்ளைக்காரன் டேங்க் டேங்க்னு சொல்றானே, அது எங்கேயிருந்து போச்சு? நம்ம தாங்கல்! தண்ணியைத் தாங்குறதால தாங்கல்! தாங்கல், தாங்க், டேங்க்!" என்று பேச்சாளர் முடிக்கவும் மண்டபமே எழுந்து நின்று கைதட்டியது. (தாங்கல் என்பது ஏரிக்கு இன்னொரு பெயர்.) நான் அதன் கீழே இரண்டே வரி எழுதினேன். ஐயா, டேங்க் தமிழிலிருந்து போன சொல் இல்லை, அதன் வேர் குஜராத் பக்கமும் போர்த்துக்கீசிய மொழியிலும் இருக்கிறது என்று. அவ்வளவுதான். அதற்குக் கீழே வந்ததையெல்லாம் நீங்களே படித்துக்கொள்ளுங்கள், என் கையால் மறுபடி எழுத மாட்டேன்.

அந்தப் பேச்சாளர் மேல் எனக்கு எந்தக் கோபமும் இல்லை. (கொஞ்சம் இருக்கிறது.) மேடை ஏறினால் நாலு கைதட்டல் வேண்டும், புரிகிறது. ஆனால் டேங்க் நம் சொல் இல்லை. நம் சொல் இல்லாததை நம் சொல் என்று சொல்வது பற்று இல்லை, பொய்.

ஒரு சொல்லின் பயணம் என்பது இரண்டு சொற்கள் காதுக்கு ஒன்றுபோலக் கேட்கிற சமாச்சாரம் இல்லை. பாரசீகத்தில் 'பத்' என்றால் கெட்டது, ஆங்கிலத்தில் 'பேட்' என்றாலும் கெட்டதுதான். இரண்டுக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. ஆஸ்திரேலியப் பழங்குடி மொழிகளில் ஒன்றான ம்பபாரத்தில் நாய்க்குப் பெயர் கிட்டத்தட்ட 'டாக்' என்றே இருந்தது. முழுக்க முழுக்கத் தற்செயல். யார் முதலில் சொன்னார்கள், எந்த ஊரில் சொன்னார்கள், எந்தப் பொருளைப் பார்த்துச் சொன்னார்கள் என்று பார்க்க வேண்டும்.

அப்படிப் பார்த்தால் டேங்க் வந்த வழி தெளிவாகவே தெரிகிறது. கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள் முதலில் கால் ஊன்றியது சூரத்தில். மதராஸில் கோட்டை எழும்புவதற்கு முன்பே, 17-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே, வட இந்தியாவிலும் மேற்கு இந்தியாவிலும் சுற்றிய ஆங்கிலேயர்கள் அங்கே பார்த்த நீர்நிலைகளை டேங்க் என்று எழுதிவிட்டார்கள். குஜராத்தியில் தண்ணீர் சேமிக்கும் நிலவறைத் தொட்டிக்கு 'டாங்கு', மராத்தியில் 'டாங்கே'. அதே கடற்கரையில் அவர்களுக்கு முன்பே கடை விரித்திருந்த போர்த்துக்கீசியரிடம் 'டாங்க்கே' என்று ஒரு சொல், குளம் என்ற பொருளிலேயே. நீரைத் தேக்குவது என்ற லத்தீன் வழி வினையிலிருந்து வந்தது. இரண்டும் ஒரே துறைமுகத்தில் மோதிக் கலந்துவிட்டன. இந்தியாவில் ஆங்கிலத்தோடு கலந்த சொற்களைத் தொகுத்து 1886-இல் வந்த ஹாப்ஸன்-ஜாப்ஸன் அகராதியே இது இரட்டைப் பிறப்புள்ள குழப்பமான சொல் என்றுதான் எழுதுகிறது. அதைத் தொகுத்த இருவரில் ஒருவரான பர்னல் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர். தமிழ் தெரியாமல் எழுதிவிட்டார் என்று சொல்ல வழியே இல்லை.

அப்புறம் அந்தச் சொல் போட்ட ஆட்டத்தைப் பாருங்கள். 1915-இல் இங்கிலாந்தில் லிங்கன் நகரத் தொழிற்சாலையில் ரகசியமாக ஒரு போர் வண்டி கட்டினார்கள். வெளியே தெரியாமல் இருக்க அதைத் தண்ணீர் தொட்டி என்று சொல்லிவைத்தார்கள். 1916 செப்டம்பர் 15 அன்று பிரான்ஸில் சோம் போர்க்களத்தில் அந்த வண்டி இறங்கியபோது ரகசியம் போய்விட்டது, பெயர் ஒட்டிக்கொண்டது. நீச்சல் குளத்தையும் ஒரு காலத்தில் டேங்க் என்றதால் நீச்சல் உடுப்பு டேங்க் சூட், அதிலிருந்து இன்றைக்குப் பையன்கள் போடுகிற கையில்லாத டேங்க் டாப். மூளையைக் கிண்டலாகத் திங்க் டேங்க் என்றார்கள், இப்போது அது டெல்லியில் ஏசி அறையில் உட்கார்ந்து அறிக்கை எழுதும் இடம். மூக்குமுட்டக் குடித்தவனும் டேங்க், சரிந்து விழுந்த பங்குச் சந்தையும் டேங்க்.

என் மருமகன் இதையெல்லாம் கேட்டுவிட்டு, "மாமா, கேம்ல டேங்க்னா எல்லா அடியையும் தாங்குறவன்" என்றான். போச்சு! இதையும் மேடையில் சொல்லியிருந்தால் இன்னும் ஐந்து நிமிடம் கைதட்டியிருப்பார்கள். தாங்குகிறவன், தாங்கல், டேங்க். பொருந்திவிட்டதா? இப்படி எதையும் எதோடும் பொருத்தலாம். அதனால்தான் இப்படிப் பொருத்தக் கூடாது என்கிறேன்.

இன்னொன்று. தாங்கல் என்ற பெயர் செங்கல்பட்டு, சென்னைப் பக்கத்து வழக்கு. வேடந்தாங்கல், பழவந்தாங்கல். நம் பக்கம் யார் வாயில் அதைக் கேட்டிருக்கிறீர்கள்? நமக்குக் குளம். மதுரைப் பக்கம் கண்மாய், வடக்கே ஏரி. நெல்லைச் சீமையில் நின்றுகொண்டு நம் குளத்தை நாமே தாங்கல் ஆக்கி, அதை வெள்ளைக்காரனுக்கு அனுப்பி, திரும்ப டேங்க்காக வாங்கிக்கொண்டு பெருமைப்படுகிறோம்.

எனக்கு உண்மையில் வயிறு எரிவது எங்கே தெரியுமா? நீர்ப்பாசனத்தில் தமிழிலிருந்து ஆங்கிலத்துக்கு நிஜமாகவே சொற்கள் போயிருக்கின்றன. அணைக்கட்டுதான் 'அனிகட்', ஆங்கில அகராதியில் உட்கார்ந்திருக்கிறது. குளத்து உபரித் தண்ணீர் வழியும் கலிங்கல் 'காலிங்குலா' என்று அதே ஹாப்ஸன்-ஜாப்ஸனில் இருக்கிறது, தமிழ்ச் சொல் என்றே போட்டிருக்கிறார்கள். ஆயக்கட்டு இன்றைக்கும் இந்தியா முழுவதும் பாசனக் கோப்புகளில் ஓடுகிறது. கட்டுமரம், சுருட்டு, மிளகுத்தண்ணி எல்லாம் சேர்ந்தால் ஒரு முழுக் கூட்டமே பேசலாம். காசு என்ற சொல்லும் இருக்கிறது, ஆனால் அதில் கவனம் வேண்டும். ரொக்கம் என்ற பொருளில் வரும் 'கேஷ்' பெட்டி என்ற பிரெஞ்சு, இத்தாலியச் சொல்லிலிருந்து வந்தது. கீழைநாட்டுச் சில்லறை நாணயத்தைக் குறித்த இன்னொரு 'கேஷ்' நம் காசு, போர்த்துக்கீசியர் வாய் வழியாகப் போனது. எழுத்து ஒன்று, சொல் இரண்டு. பாதி நமது, பாதி நமதில்லை. இப்படிப் பிரித்துச் சொன்னால் கைதட்டல் வராது என்பது எனக்கும் தெரியும்.

நான் பொதுப்பணித்துறையில் குமாஸ்தாவாகக் காலம் தள்ளியவன். டேங்க், பண்ட், ஸ்லூயிஸ், சர்ப்ளஸ் வியர் என்று தட்டச்சு செய்தே கண்ணாடி போட்டுக்கொண்டேன். ஒருமுறை வெளியூரிலிருந்து வந்த இளம் பொறியாளர் ஒருவர், ஆயக்கட்டு என்றால் எந்த மொழி என்று கேட்டார். அங்கே நின்ற வயதான லஸ்கர் (மதகும் கால்வாயும் பார்க்கிற துறை ஊழியர்) சொன்னார்: "இந்தக் குளத்துத் தண்ணியைக் குடிக்கிற வயல் அம்புட்டும் ஆயக்கட்டு சார்." இதைவிடச் சுருக்கமான விளக்கத்தை நான் எந்த அகராதியிலும் பார்த்ததில்லை.

எங்கள் ஊர் நாங்குநேரிப் பக்கம். மழை பெய்தால் உண்டு, இல்லாவிட்டால் கட்டாந்தரை என்கிற மாதிரிக் குளம். ஒரு ஐப்பசியில் மடைக்குப் பக்கத்தில் கரை கசிய ஆரம்பித்தது. ராத்திரி முழுக்க ஊர் ஆட்கள் மணல் மூட்டையும் ஓலையும் வைக்கோலுமாகக் கொண்டுவந்து அடைத்தார்கள். தாத்தா மூச்சைப் பிடித்துக்கொண்டு முங்குவார், தூம்பு வாயைக் கையால் தடவிப் பார்ப்பார், மேலே வந்து "இன்னும் கொஞ்சம் வலக்க" என்பார், மறுபடி முங்குவார். விடிந்து வீட்டுக்கு வந்தபோது விரல் நுனியெல்லாம் வெளுத்துச் சுருங்கி, வெற்றிலையில் சுண்ணாம்பு தடவக்கூட முடியவில்லை. ஆச்சிதான் மடித்து வாயில் வைத்தாள். அவருக்குத் தண்ணீர் நிற்கிற உள்வாய் தெரியும், கரையை அலை அரிக்காமல் காக்கிற அலைகல் தெரியும், உபரித் தண்ணீர் வழிகிற மறுகால் எந்தப் பக்கம் விழுந்தால் எந்த ஊர் நனையும் என்று தெரியும். டேங்க் என்ற சொல்லை அவர் வாயிலிருந்து நான் கேட்டதே இல்லை, மோட்டார் சைக்கிள் பெட்ரோல் டேங்க்கைத் தவிர.

இப்போது திட்டுகிறவர்களுக்கு வருகிறேன்.

"வெள்ளைக்காரன் எழுதிய அகராதியை நம்புகிறாயே" என்கிறீர்கள். கட்டுமரம் தமிழ் என்பதும் அதே அகராதியில்தான் இருக்கிறது. அதை மட்டும் நம்புவீர்கள், இதை நம்ப மாட்டீர்களா? இடையன்குடியில் இருந்துகொண்டு 1856-இல் திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தை வெளியிட்ட கால்டுவெல்லும் வெள்ளைக்காரர்தான். அவருக்கு மாலை போடும்போது இந்தக் கேள்வி வரவில்லையே.

"பாவாணர் பிறந்த மண்ணில் இப்படிப் பேசலாமா" என்று ஒருவர். ஐயா, சங்கரன்கோவில் எனக்கும் பக்கம்தான். ஒரு சொல்லின் வேரைத் தேட எத்தனை மொழிகளைப் படித்தார் அந்த மனிதர்! அவரோடு எதிலாவது முரண்பட வேண்டும் என்றால்கூட நாலு புத்தகம் புரட்டிவிட்டுத்தான் முரண்பட முடியும். அவர் பெயரைச் சொல்லிக்கொண்டு வாட்ஸ்அப்பில் வந்ததை மேடையில் வாசிப்பதுதான் அவருக்குச் செய்யும் மரியாதையா?

"தடாகம்தான் டேங்க் ஆனது" என்று இன்னொரு கோஷ்டி. அது வேறு சண்டை, சமஸ்கிருதக்காரர்களோடு போய்ப் போடுங்கள்.

"அண்ணாச்சிக்கு ஆங்கில மோகம்" என்றும் ஒருவர். சரி, இருக்கட்டும். நான் எட்டாம் வகுப்பு வரைக்கும் ஆங்கிலத்தில் தேறினதே அதிசயம்.

இதில் எதுவுமே எனக்குப் பெரிதாகப் படவில்லை. என்னோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவன், என் கல்யாணத்துக்குப் பந்தல்கால் நட்டவன், என்னைப் பிறப்பை வைத்துத் திட்டியிருந்த கமெண்ட்டுக்கு இதயக்குறி போட்டிருக்கிறான். கை தவறிப் பட்டிருக்கும் என்று என் வீட்டுக்காரி சொல்கிறாள். "சவத்த விடுங்க, ஒரு வார்த்தைக்குப் போயி ராத்திரி தூங்காம" என்கிறாள். அந்த இதயம் இன்னும் அங்கேதான் இருக்கிறது. தினமும் போய்ப் பார்க்கிறேன். கை தவறிப் பட்டது என்றால் எடுத்திருப்பானே.

ஒரு வார்த்தை இல்லை இது. கைதட்டிய மண்டபத்தில் இருந்தவர்கள் வீட்டுக்குப் போகிற வழியில் எத்தனை குளத்தைத் தாண்டிப் போயிருப்பார்கள்! திருநெல்வேலிப் புதிய பஸ் ஸ்டாண்டுக்கே வேய்ந்தான்குளம் என்றுதான் பெயர் சொல்கிறோம். எத்தனை உள்வாய்களில் சீமைக்கருவேலம் மண்டிக் கிடக்கிறது, எத்தனை மறுகால் ஓடைகளில் பிளாட் கல் ஊன்றியிருக்கிறது? டேங்க் நம் சொல்லாகவே இருந்துவிட்டுப் போகட்டும், குளத்தில் தண்ணீர் வந்துவிடுமா? சொல்லுக்கு ஆயிரம் பேர் சண்டைக்கு வருகிறீர்கள். வரத்துக்கால்வாய் தூர்வாரவில்லை என்று நான் எழுதிய பதிவுக்கு வந்தது பதினோரு லைக். அதில் இரண்டு என் பிள்ளைகள்.

எனவே இனிமேல் தமிழ்ப்பற்று பற்றி எனக்குப் பாடம் எடுக்க வருகிறவர்கள் ஒரு கேள்விக்குப் பதில் சொல்லிவிட்டு வாருங்கள். திருநெல்வேலி டவுன் நயினார்குளத்துக்குத் தண்ணீர் எந்தக் கால்வாயில், எந்த அணைக்கட்டிலிருந்து வருகிறது? கூகுள் பார்க்காமல் சொல்ல வேண்டும். தெரியாதவர்கள் திட்டுவதைக் கொஞ்சம் நிறுத்திவிட்டு சுத்தமல்லி வரைக்கும் ஒரு நடை போய்ப் பாருங்கள். டவுனிலிருந்து பஸ் இருக்கிறது.