கைதட்டி வரவேற்க வேண்டாம், வேலையைக் கொடுங்கள்

பாலினச் சமத்துவப் பயிற்சி என்று அழைப்பு வந்தால், மக்கள் வளர்ச்சித் திட்டங்களை நடத்தும் பெரும்பாலான நிறுவனங்கள் ஒரு பெண் ஊழியரை அனுப்பிவிடும். நான் முதல்முறை அப்படி ஒரு பயிற்சிக்குப் போனபோது அங்கிருந்த ஆண்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். தொடங்கியதும் எங்களை எழுந்து நிற்கச் சொல்லி, வந்ததற்கு நன்றி கூறிக் கைதட்டினார்கள். பத்து, பதினைந்து வருடங்களாக இதே வேலையைச் செய்துவரும் பெண்கள் அதே அறையில் உட்கார்ந்திருந்தார்கள். அவர்களுக்கு யாரும் கைதட்டவில்லை. அன்றைக்கு எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. இப்போது நினைத்தால் வருத்தமாக இருக்கிறது.

ஆண்களைச் சேர்க்க வேண்டாம் என்று சொல்ல வரவில்லை. கட்டாயம் சேர்க்க வேண்டும். எந்த இடத்தில் சேர்ப்பது என்பதில்தான் தவறு செய்கிறோம் என்று நினைக்கிறேன்.

நம் திட்டங்கள் எப்படி நடக்கின்றன என்று பாருங்கள். கடன் என்றால் பெண்கள் குழு. தடுப்பூசி என்றால் அம்மாக்களுக்குக் கூட்டம். குடும்பக் கட்டுப்பாடு என்றால் அதுவும் பெண்ணிடம்தான். ஐ.நா.வின் 2019 கணக்குப்படி, உலகில் பெண் கருத்தடை அறுவை சிகிச்சையை நம்பியிருப்பவர்கள் சுமார் 21.9 கோடிப் பேர். ஆண் கருத்தடை அறுவை சிகிச்சையை நம்பியிருப்பவர்கள் சுமார் 1.6 கோடி. இரண்டில் எளிதானது ஆணுக்குச் செய்வது என்று மருத்துவர்கள் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டார்கள். கூட்டத்தில் எல்லாவற்றையும் கவனமாகக் கேட்டுக்கொள்ளும் பெண் பல வீடுகளில் திரும்பிப் போய் அனுமதி கேட்க வேண்டியிருக்கிறது. அந்த அனுமதியைக் கொடுக்கிறவரை நாம் ஒருமுறைகூடச் சந்தித்திருக்க மாட்டோம்.

நேரக் கணக்கையும் சொல்ல வேண்டும். பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பு 2018இல் வெளியிட்ட அறிக்கையின்படி, சம்பளமில்லாத பராமரிப்பு வேலை நேரத்தில் 76.2 சதவீதம் பெண்களுடையது. ஆண்கள் செய்வதைப்போல 3.2 மடங்கு. ஏற்கெனவே நிரம்பி வழியும் அந்த நாளின் மேல்தான் நாம் கூட்டத்தையும் பயிற்சியையும் சிறுதொழிலையும் ஏற்றிவைக்கிறோம். வருமானம் கூடுகிறது, சரி. வீட்டு வேலையில் ஒரு மணி நேரமாவது கணவர் கைக்கு மாறியதா என்று எத்தனை திட்ட அறிக்கைகள் கேட்கின்றன? நான் எழுதிய அறிக்கைகளில் பல ஆண்டுகள் அந்தக் கேள்வியே இல்லை.

இது இன்று நேற்றுக் கண்டுபிடித்த விஷயமும் அல்ல. 1994இல் கெய்ரோவில் நடந்த மக்கள்தொகை, வளர்ச்சி மாநாட்டின் செயல்திட்டத்திலேயே ஆண்களின் பொறுப்பு பற்றித் தனிப் பகுதி இருக்கிறது. 2004இல் ஐ.நா. பெண்கள் நிலை ஆணையம் ஆண்கள், சிறுவர்களின் பங்கு பற்றித் தனியாகவே பேசி முடிவுகளை ஏற்றது. ஆவணங்களுக்குக் குறைவில்லை.

செய்து காட்டியவர்களும் இருக்கிறார்கள். ருவாண்டாவில் 'பண்டேபெரேஹோ' என்று ஒரு திட்டம். முன்மாதிரி என்று பொருள். மனைவி கர்ப்பமாக இருக்கும் ஆண்கள், சிறு குழந்தைகளின் அப்பாக்கள் ஆகியோரைச் சிறு குழுவாக உட்காரவைத்து 15 அமர்வுகள் நடத்தினார்கள். சில அமர்வுகளுக்கு மனைவியும் வருவார். நடத்தியவர்கள் வெளியிலிருந்து வந்த நிபுணர்கள் அல்ல, பயிற்சி பெற்ற அதே ஊர் அப்பாக்கள். பிரசவம், கருத்தடை, குழந்தை வளர்ப்பு, வீட்டுப் பணத்தில் யார் முடிவெடுப்பது, கோபம் வந்தால் என்ன செய்வது என்று பேச்சு போகும். ஏறத்தாழ 1200 தம்பதிகளை இரண்டாகப் பிரித்து ஒப்பிட்ட ஆய்வு 2018இல் வெளியானது. திட்டத்தில் இருந்த குடும்பங்களில் கணவரின் அடி, பாலியல் வன்முறை இரண்டும் தெளிவாகக் குறைந்திருந்தன. அப்பாக்கள் வீட்டு வேலையிலும் குழந்தையைப் பார்த்துக்கொள்வதிலும் கூடுதல் நேரம் செலவிட்டார்கள். இதில் என் மனதில் நிற்பது ஒன்று. வன்முறை குறைந்ததா என்பதை அங்கே பெண்களிடம் கேட்டுத்தான் முடிவு செய்தார்கள்.

பல இடங்களில் ஆண்களை நாம் அழைப்பது இப்படி அல்ல. 'உங்கள் தாயை, தங்கையை, மகளைக் காப்பாற்ற வாருங்கள்' என்று அழைக்கிறோம். காவலராக வருகிறவர் காவலராகவே இருந்துவிடுவார். எங்கே போகலாம், எத்தனை மணிக்குத் திரும்ப வேண்டும் என்று சொல்லும் உரிமையும் அவரிடமே தங்கிவிடும். 1989இல் மான்ட்ரியலில் ஒரு பொறியியல் கல்லூரியில் 14 பெண்கள் கொல்லப்பட்டதை அடுத்து, 1991இல் கனடாவில் சில ஆண்கள் வெள்ளை ரிப்பன் இயக்கத்தைத் தொடங்கினார்கள். பெண்கள் மீது வன்முறை செய்ய மாட்டேன், அதை நியாயப்படுத்த மாட்டேன், பார்த்துக்கொண்டு மௌனமாக இருக்க மாட்டேன் என்பது அவர்கள் எடுத்த உறுதி. மூன்றும் ஓர் ஆண் தன்னைப் பற்றிச் சொல்வது. எனக்கு இந்த வழி பிடித்திருக்கிறது.

'சமத்துவம் வந்தால் ஆண்களுக்கும் நன்மைதான்' என்று பேசுவது இப்போது வழக்கமாகிவிட்டது. உண்மைதான். குழந்தையோடு நெருக்கம் கிடைக்கிறது, எல்லாவற்றையும் தனியாகச் சுமக்கும் பாரம் குறைகிறது. ஆனால் அதை மட்டும் சொல்லி ஆண்களைச் சேர்த்தால், நஷ்டம் வரும் முதல் இடத்தில் அவர்கள் எழுந்து போய்விடுவார்கள். நஷ்டம் வரத்தான் செய்யும். மாலையில் காலை நீட்டி உட்கார்ந்திருந்த நேரம் போகும். கடைசி வார்த்தை தன்னுடையது என்ற வசதி போகும். சொத்தில் பங்கு போகும், மேடையில் நாற்காலி போகும். இவை நியாயமாக நம்முடையவை அல்ல என்று ஆண்கள் ஆண்களிடம் நேராகச் சொல்ல வேண்டும். சொல்லும்போது சிலர் முகம் சுளிப்பார்கள். பரவாயில்லை.

பணம் பற்றிப் பெண்கள் அமைப்புகள் எழுப்பும் கவலை முழுக்கச் சரி. அவர்களுக்கே போதாத நிதியை வெட்டி ஆண்களுக்கான பயிற்சிகளுக்குக் கொடுப்பது அநியாயம். புதிய நிதி தேட வேண்டும், திட்டத்தை வகுப்பதிலும் பெண்கள் அமைப்புகளுக்கு முக்கிய இடம் வேண்டும்.

மனமாற்றத்தை மட்டும் நம்பிக் காத்திருக்கவும் முடியாது. நார்வே 1993இல் குழந்தை பிறப்பு விடுப்பில் நான்கு வாரத்தை அப்பாவுக்கென்றே ஒதுக்கியது. அவர் எடுக்காவிட்டால் பொதுவாக அந்த விடுப்பு வீணாகிவிடும். அதற்கு முன்பு மிகச் சிலரே எடுத்துக்கொண்டிருந்த விடுப்பைச் சில ஆண்டுகளில் பெரும்பாலான அப்பாக்கள் எடுக்கத் தொடங்கினார்கள். ஊர் ஊராகச் சமத்துவம் பேசப் போகும் நிறுவனங்கள், தங்கள் ஆண் ஊழியர்களுக்கு எத்தனை நாள் விடுப்பு தருகின்றன, அதை எடுத்தவரை மேலதிகாரி எப்படிப் பார்க்கிறார் என்பதையும் ஒருமுறை பார்த்துக்கொள்ளலாம்.

சமீபத்தில் நாங்கள் நடத்திய ஒரு பயிற்சியின் முடிவில் படிவம் கொடுத்தோம். 'வீட்டு வேலையைப் பகிர்ந்துகொள்கிறீர்களா?' என்ற கேள்விக்கு அத்தனை ஆண்களும் 'ஆம்' என்று எழுதியிருந்தார்கள். அவர்கள் மனைவிமாரிடம் தனியாகக் கேட்பதற்கு எங்கள் திட்டத்தில் நாளும் இல்லை, ஆளும் இல்லை, பணமும் இல்லை. அடுத்த முன்மொழிவில் அதற்கென்று இரண்டு பெண் கள அலுவலர்களையும் பயணச் செலவையும் சேர்த்திருக்கிறேன். செலவைக் குறைக்கச் சொன்னால், தொடக்க விழாவை வெட்டச் சொல்லப் போகிறேன்.