சட்டிச் சோறும் ஒரு கமெண்டும்

போன ஞாயிறு நான் போட்ட படத்துக்குக் கீழே நடந்த கூத்தைப் பார்த்திருப்பீர்கள். அம்மா மீன் குழம்புச் சட்டியில் சோறு பிசைந்து உருட்டிக் கொடுக்கிறாள், பிள்ளைகள் கை நீட்டுகிறார்கள். அவ்வளவுதான் படம். அதற்கு, "ஒரே சட்டியில எல்லாருமா? சுகாதாரம்னா என்னன்னே தெரியாதா?" என்று ஒரு கமெண்ட். 23 லைக் வேறு!

ஐயா சுகாதார அதிகாரிகளே, சட்டிக்குள் போவது ஒரே கைதான். அம்மா கை. கழுவிய கை. அடியில் சுண்டிப் பிடித்த மசாலாவில் சுடுசோறு போட்டு, ஓரமெல்லாம் வழித்து, முள் எடுத்த அயிலைத் துண்டை நடுவில் வைத்து உருட்டுவாள். கடைக்குட்டிக்கு முதல் உருண்டை. மும்பை தாராவியில் பத்துக்குப் பத்து அறையில் ஏழு பேர் இருந்த காலத்திலிருந்து இதுதான் வரிசை. தோல் பட்டறையிலிருந்து அப்பா வரும்வரை சட்டியைக் கழுவ விடமாட்டாள்.

அதுவும் எல்லா ஞாயிறும் வாய்க்கிறதா? மே லீவுக்கு ஊருக்குப் போனால் தூத்துக்குடியில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுகளுக்குத் தடை. திரும்பி வந்தால் ஜூன் 1-லிருந்து இங்கே தடை. மீனவர்கள் கடலுக்குத் தேங்காய் படைத்துவிட்டு மறுபடி மீன்பிடிக்கப் போகும் நாரளி பௌர்ணமி கழிந்து, சயான் மார்க்கெட்டில் மீன் விற்கும் கோலி அக்கா "பாங்டா, பாங்டா" (நம்ம அயிலைதான்) என்று கூடையைத் திறந்த முதல் ஞாயிறு அது. குயவர்கள் இருக்கும் கும்பர்வாடாவில் தட்டிப் பார்த்து வாங்கிய புதுச் சட்டி. படம் போடாமல் என்ன செய்வேன்?

கொரோனாவை மறந்துவிட்டாயா என்கிறார்கள். சரி, 2020-இல் நாங்களே நிறுத்தினோம். தாராவிக்காரனுக்குக் கொரோனா பாடமா? தனித்தட்டு வாங்க வக்கில்லையா என்று இன்னொருவர். பெயர் வெட்டிய எவர்சில்வர் தட்டு இரண்டு டஜன் பரணில் கிடக்கிறது, வந்து எண்ணிக்கொள்ளுங்கள். மறுபடியும் சொல்கிறேன், அம்மா கை மட்டும்தான்.

வெளியாள் எழுதியிருந்தால் சிரித்துவிட்டுப் போயிருப்பேன். அந்தச் சுகாதாரக் கமெண்டை எழுதியவன் எங்கள் சித்தி மகன். மூன்று வருடம் எங்கள் வீட்டில் தங்கிப் படித்தவன். இரண்டு உருண்டை வாங்குவான். இரண்டாவது எனக்கு வரவேண்டியது. இப்போது பவாயில் பதினாலாவது மாடி. சோற்றைக் கரண்டியால் தின்கிறானாம். தின்னட்டும், எனக்கென்ன. ஆனால் "தெரியாதா" என்று யாரைக் கேட்கிறான்?

அம்மாவிடம் கமெண்டை வாசித்துக் காட்டினேன். கோபப்படுவாள் என்று பார்த்தேன். "அவனுக்கு முள்ளு எடுக்கத் தெரியாதேல. இப்ப யாரு எடுத்துக் கொடுக்கா?" என்று கேட்டாள்.