உறுமியதற்கு யார் அடித்தது?

தீபாவளியன்று பினாங்கின் பட்டர்வொர்த்தில், எங்கள் தாமானில் (குடியிருப்பில்) கறுப்பி என்ற நாய் ஒரு பையனைக் கடித்தது உங்களுக்கெல்லாம் தெரியும். பையனுக்கு 4 தையல், இப்போது நலம். அன்றிரவிலிருந்து வாட்ஸ்அப் குழுவில் வரும் தீர்ப்புகளைத்தான் தாங்க முடியவில்லை. "நன்றி கெட்டது." "எத்தனை வருடம் சோறு போட்டாலும் ஓநாய் ரத்தம்." "திடீரென்று கடித்துவிட்டது."

திடீரென்றா? காலையிலிருந்து பட்டாசு. கறுப்பி காருக்கு அடியில் நடுங்கிக்கொண்டு கிடந்ததை நானே பார்த்தேன். மாலையில் ஓர் எலும்போடு ஒதுங்கியது. பையன் கையை நீட்டினான். உடம்பு விறைத்தது, கண்ணின் வெள்ளை தெரிந்தது, உறுமியது. உறுமியதற்குச் செருப்படி கிடைத்தது. அதற்குப் பிறகுதான் கடி. "வாலை ஆட்டியதே" என்கிறார்கள். விறைத்து நிற்கும் வால் ஆடினால் அது பாசமில்லை.

'வெறி' என்று வேறு ஒருவர் எழுதியிருக்கிறார். வெறிநோய் வேறு, பயம் வேறு. 2015இல் பினாங்கில் அந்த நோய் வந்தபோது தெருநாய்களைப் பிடித்துக் கொன்றது மறந்துவிட்டதா? அந்தச் சொல்லை விளையாட்டாக வீசாதீர்கள்.

நாயை மல்லாத்தி அமுக்கி, 'நான்தான் தலைவன்' என்று காட்டியிருக்க வேண்டுமாம். ஓர் அண்ணனின் அறிவுரை. அந்தத் தலைவன் கதை, 1947இல் ருடால்ஃப் ஷெங்கெல் என்ற ஆய்வாளர், அடைத்து வைக்கப்பட்டிருந்த ஓநாய்களைப் பார்த்து எழுதியதிலிருந்து வளர்ந்தது. அதைப் பரப்பிய ஓநாய் ஆய்வாளர் டேவிட் மீச்சே 1999இல், காட்டு ஓநாய்க் கூட்டம் என்பது பெரும்பாலும் அப்பா, அம்மா, பிள்ளைகள்தான் என்று எழுதிவிட்டார். அண்ணனுக்கு இன்னும் தகவல் வரவில்லை போலும்.

"பிள்ளையைவிட நாய் பெரிதா?" என்பீர்கள். இரண்டு பிள்ளை பெற்றவளிடம் கேட்கிற கேள்வியா இது? பிள்ளைகளுக்காகத்தான் சொல்கிறேன்: உறுமினால் கையை எடுக்கச் சொல்லிக்கொடுங்கள். ஆபத்தான நாய்கள் இல்லையா என்றால், இருக்கின்றன. கறுப்பி அப்படிப்பட்டதில்லை, அவ்வளவுதான்.

தோட்டத்தில் இருந்தபோது எங்கள் நாய் மணி உறுமினாலே அப்பா பிரம்பை எடுப்பார். நாளடைவில் அது உறுமுவதையே விட்டுவிட்டது. ஒருநாள் சத்தமே இல்லாமல் என் மணிக்கட்டைக் கவ்வியது. தழும்பு இன்னும் இருக்கிறது. சாக்கில் கட்டி மோட்டார் சைக்கிளில் கொண்டுபோனார். எங்கே விட்டார் என்று கடைசிவரை சொல்லவில்லை. எனக்கு 9 வயது. அதன் தட்டை இழுத்தது நான்தான் என்று நானும் சொல்லவில்லை.

நாளைக் காலை கறுப்பியை ஏற்ற லாரி வருகிறதாம். குழுவில் 23 பேர் கட்டைவிரல் காட்டியிருக்கிறார்கள். செருப்பால் அடித்தவரும் அதில் இருக்கிறார்.