கை வைத்ததா, சாண்டோவா?

பனியன் கடையில் கேட்கிற முதல் கேள்வியே இதுதான். நாற்பது வருடமாகப் பதில் சொல்லி வருகிறேன். சாண்டோ என்று ஓர் ஆள் இருந்தார் என்பது வெகு நாள் கழித்துத்தான் தெரிந்தது. அதுவரை அந்தப் பெயர் எனக்குச் சின்னப்பா தேவரோடு சரி. அவருக்கு யாரோ கொடுத்த பட்டம் என்று நினைத்திருந்தேன். பட்டம்தான், ஆனால் இன்னொரு மனிதரின் பெயரே பட்டமாகிவிட்டது.

யூஜின் சாண்டோ, 1867இல் பிரஷ்யாவின் கோனிக்ஸ்பெர்க் நகரில் பிறந்தவர். மேடையில் உடம்பை வில்லாக வளைத்து, மேலே பலகை போட்டுக் குதிரைகளைத் தாங்கியவர். 1894 மார்ச் 6 அன்று எடிசனின் படப்பிடிப்புக் கூடத்துக்குப் போனார். அதைக் கூடம் என்பதே அதிகம். தார் காகிதம் ஒட்டிய கறுப்புக் கொட்டகை. வெயில் விழக் கூரையைத் திறப்பார்கள், சூரியன் நகர நகரக் கொட்டகையையே சுழற்றுவார்கள்.

படம் ஒரு நிமிடம்கூட இல்லை. கறுப்புத் திரைக்கு முன்னால் இடுப்பில் சிறு துணியோடு நிற்கிறார். புஜத்தை மடக்குகிறார், முதுகைக் காட்டுகிறார், அவ்வளவுதான். நான் நாலைந்து முறை பார்த்த பிறகுதான் ஒன்று உறைத்தது: கையில் ஒரு குண்டுகூட இல்லை! பயில்வான் என்றால் எதையாவது தூக்க வேண்டாமா?

தூக்காததுதான் அவருடைய சாமர்த்தியம் என்பது என் கட்சி. மேடையில் கிடக்கும் இரும்புக் குண்டைச் சந்தேகப்பட்டால் ஏறிப்போய்த் தூக்கிப் பார்க்கலாம். படத்தில் அது இரும்பா, உள்ளே வெறும் கூடா என்று யார் கண்டார்கள்? முதுகுச் சதை அசைவதில் அப்படி ஏமாற்ற வழியில்லை. அதற்கு முந்தைய ஆண்டு சிகாகோவில் சீமாட்டிகள் மேடைக்குப் பின்னால் போய் அவர் உடம்பைத் தொட்டுப் பார்த்தார்களாம். 1894 ஏப்ரலில் நியூயார்க்கில் கினெட்டோஸ்கோப் பெட்டிகள் வைத்த கடை திறந்தபோது அந்தச் சிரமமும் போயிற்று. காசு கொடுத்து, குனிந்து, துளையில் கண்ணை வைத்தால் போதும். பக்கத்தில் நிற்பவருக்குக்கூட நாம் எதைப் பார்க்கிறோம் என்று தெரியாது.

உடற்கட்டுப் போட்டியின் வரலாற்றை எழுதுகிறவர்கள் 1901இல் லண்டன் ஆல்பர்ட் அரங்கில் சாண்டோ நடத்திய போட்டியிலிருந்து தொடங்குவார்கள். ஷெர்லாக் ஹோம்ஸைப் படைத்த கானன் டாயில் அதில் ஒரு நடுவர். எனக்கென்னவோ அந்தக் கொட்டகையிலேயே எல்லாம் தொடங்கிவிட்டது. பலத்தைச் செய்து காட்டுவது போய், உடம்பைக் காட்டினாலே போதும் என்றானது அங்கேதான். பிறகு அவர் புத்தகம், பத்திரிகை, உடற்பயிற்சிக் கருவி, கோகோ என்று எதையும் விட்டுவைக்காமல் விற்றார். கோகோ வியாபாரம் கவிழ்ந்தது தனிக்கதை.

1925இல் 58 வயதில் இறந்தார். கவிழ்ந்த காரைத் தனியாகத் தூக்கியதால் மூளையில் ரத்தக் குழாய் வெடித்தது என்று ஒரு கதை உண்டு, நான் நம்பவில்லை. படத்தில் ஒரு குண்டைக்கூடத் தொடாத மனிதருக்குச் சாவிலாவது எதையாவது தூக்கிக் கொடுக்க வேண்டும் என்று யாருக்கோ தோன்றியிருக்கிறது. லண்டனில் அவரைப் புதைத்த இடத்தில் பல பத்தாண்டுகள் பெயர் பொறித்த கல்கூட இல்லை. நம் ஊரில் கொடி கட்டிய வீட்டிலெல்லாம் அவர் பெயர் காய்ந்துகொண்டிருந்தது.

நேற்று மகனுக்கு அந்தப் படத்தைக் காட்டினேன். இவர்தான் சாண்டோ என்றேன். கடைசிவரை பார்த்துவிட்டு, “அப்படியென்றால் பனியன் எங்கே அப்பா?” என்றான்.